அமெச்சூர்னா யாரு? பிரான்ஸ்ல சம்பளம் இல்லாம பந்து உதைச்சவங்க கதை

அமெச்சூர்ங்கற வார்த்தையை நாம ரெண்டு விதமா சொல்லுவோம். ஒரு வேலை சரியா வரலைன்னா "என்னய்யா இப்படி அமெச்சூர்தனமா பண்ணி வச்சிருக்க"ன்னு திட்டுவோம். இன்னொரு பக்கம் பகல்ல ஆபீஸ்ல ஃபைல் பாத்துட்டு சாயங்காலம் சபாவுல மேக்கப் போட்டு நடிச்சவங்களை "அமெச்சூர் நாடகக் குழு"ன்னு மரியாதையா சொல்லுவோம். பழைய ஃபுட்பால் வரலாறு புரியணும்னா முதல் அர்த்தத்தை அப்படியே ஓரமா வச்சிடணும். ரெண்டாவது தான் சரியான அர்த்தம். அந்த வார்த்தையே பிரெஞ்சு வார்த்தை தான், லத்தீன்ல நேசிக்கிறவன்னு அர்த்தம் வர்ற சொல்லுல இருந்து வந்தது. ஒரு விஷயத்து மேல இருக்கற ஆசைக்காக அதை பண்றவன் அமெச்சூர், பொழப்புக்காக பண்றவன் ப்ரொஃபஷனல், அவ்வளவு தான்.

இதை நல்லா விளக்க ஒரு ஆளை கூடவே வச்சுக்கலாம். பேரு யூஜென் மாயெஸ். 1890ல பாரிஸ்ல பிறந்தவரு. 1911ல இருந்து 1913 வரைக்கும் பிரான்ஸ் டீமுக்கு 11 மேட்ச் ஆடி 15 கோல் போட்டவரு. இன்னைக்கு ஒருத்தன் நாட்டு டீமுக்கு மேட்சுக்கு ஒரு கோலுக்கு மேல சராசரி வச்சிருந்தா அவன் வீட்டு வாசல்ல எத்தனை கம்பெனி கியூ நிக்கும்னு யோசிச்சு பாருங்க. மாயெஸ் ஆடுன காலத்துல பிரான்ஸ்ல ஃபுட்பால் ஆடுறதுக்கு சம்பளம்னு ஒண்ணு சட்டப்படி கிடையவே கிடையாது.

இங்க தான் நிறைய பேர் தப்பா புரிஞ்சுக்கறாங்க. சம்பளம் இல்லைன்னா கொடுக்க காசு இல்ல, அதனால கொடுக்கலன்னு நினைக்கறாங்க. அப்படி இல்ல, வாங்கக் கூடாதுன்னு விதியே இருந்துச்சு. 1887ல ஆரம்பிச்சு ரெண்டு வருஷத்துல புதுப் பேரோட வளர்ந்த யு.எஸ்.எஃப்.எஸ்.ஏ ன்னு ஒரு சங்கம் தான் அப்போ பிரான்ஸ் விளையாட்டுக்கே பெரியண்ணன். ஓட்டம், ரக்பி, ஹாக்கி எல்லாத்துக்கும் அவங்க தான். ஃபுட்பாலை மட்டும் கொஞ்ச நாள் ஏத்துக்காமலே தள்ளி வச்சிருந்தாங்க, 1894ல தான் அதுக்குன்னு ஒரு சாம்பியன்ஷிப் நடத்துனாங்க. அவங்க கணக்குல ரொக்கப் பரிசுக்காக போட்டி போட்டவன் அமெச்சூர் இல்ல, காசு வாங்கற ஆட்களோட பந்தயத்துல இறங்கினவன் அமெச்சூர் இல்ல, உடற்பயிற்சி சொல்லிக் குடுத்து சம்பளம் வாங்குனவன் கூட அமெச்சூர் இல்ல. ஒருத்தன் எவ்வளவு நல்லா ஆடுறான்ங்கறதுக்கும் இதுக்கும் சம்பந்தமே கிடையாது, அவன் பாக்கெட்டுக்குள்ள எந்தக் காசு எந்த வழியில வந்துச்சுங்கறது தான் கேள்வி.

ஏன் இவ்வளவு கறார்? அந்த சங்கத்தை நடத்துனவங்க யாருன்னு பாத்தா பதில் கிடைச்சிரும். நவீன ஒலிம்பிக்ஸை கொண்டு வந்த பியேர் தெ குபெர்தன் அதோட செயலாளரா இருந்தவரு. அவரோட வட்டம் முழுக்க படிச்ச, வசதியான குடும்பத்து ஆளுங்க. இங்கிலாந்துல பெரிய வீட்டுப் பசங்க படிக்கற ஸ்கூல்கள்ல விளையாட்டு மூலமா ஒழுக்கம் சொல்லிக் குடுக்கறதைப் பாத்து மயங்கி, அதையே பிரான்ஸுக்கும் கொண்டு வரணும்னு நினைச்சவங்க. காசு உள்ள வந்தா விளையாட்டு சூதாட்டமா மாறிடும், பந்தயக் குதிரை மாதிரி மனுஷங்களை விலை பேசுவாங்கன்னு அவங்க மனசார பயந்தாங்க. அந்தப் பயம் முழுக்க பொய்யும் இல்ல. ஆனா அதே விதிக்கு இன்னொரு முகம் இருக்கு. இங்கிலாந்துல ஹென்லி படகுப் போட்டியில, கையால உழைச்சு சாப்பிடறவனை அமெச்சூரா ஏத்துக்கவே மாட்டோம்னு வெளிப்படையா எழுதியே வச்சிருந்தாங்க. ஃபுட்பால்ல சம்பளம் கூடாதுன்னு சொன்னா, அதுலயும் சுத்தி வளைச்சு அதே தான் நடக்கும். அப்பா சொத்து இருக்கறவன் வாரம் பூரா பயிற்சி எடுக்கலாம், பட்டறையில வேலை பாக்கறவன் ஒரு நாள் வேலைக்குப் போகலைன்னா அன்னைக்கு கூலி போச்சு. அந்தக் கூலியை கிளப் ஈடு கட்டுனா "நீ ப்ரொஃபஷனல், வெளிய போ"ம்பாங்க. இதை எப்படி நியாயம்னு சொல்ல முடியும்னு எனக்கு இன்னைக்கு வரைக்கும் புரியல.

இத்தனைக்கும் பக்கத்து இங்கிலாந்து 1885லயே சம்பள ஆட்டத்தை சட்டப்படி ஒத்துக்கிச்சு. பிரான்ஸ் ஒத்துக்க 1932 வரைக்கும் ஆச்சு. நடுவுல இருக்கற அந்த 47 வருஷம் தான் நம்ம கதை.

முதல்ல ஆடுனது யாரு? கப்பல்லயும் வியாபாரத்துலயும் வந்த இங்கிலீஷ்காரங்க. லெ ஆவ்ர் துறைமுகத்துல இருந்த இங்கிலீஷ் ஆளுங்க 1872லயே கிளப் ஆரம்பிச்சதா அந்த கிளப் இன்னைக்கும் பெருமையா சொல்லிக்குது. பாரிஸ்ல ஸ்டாண்டர்ட், ஒயிட் ரோவர்ஸ் எல்லாம் பேரைப் பாத்தாலே தெரியும், பெரும்பாலும் பிரிட்டிஷ்காரங்க கிளப். அந்த 1894 சாம்பியன்ஷிப்ல மொத்தமே ஆறு டீம், எல்லாம் பாரிஸ் சுத்துவட்டாரம். ஃபைனல் இந்த ரெண்டு கிளப்புக்கும் நடுவுல 2-2ன்னு முடிஞ்சு, அடுத்த வாரம் மறுபடி ஆடி ஸ்டாண்டர்ட் 2-0ன்னு ஜெயிச்சுது. பிரான்ஸோட சாம்பியன்ஷிப்ல பிரெஞ்சுக்காரனைத் தேடித்தான் கண்டுபிடிக்கணும்! பிரெஞ்சுப் பசங்க தாங்களே ஆரம்பிச்சதுன்னா கிளப் ஃப்ரான்சே, 1900 பாரிஸ் ஒலிம்பிக்ஸ்ல பிரான்ஸ் சார்பா ஆடுனது அந்த கிளப் டீம் தான். வான்சென் சைக்கிள் ஓட்டற மைதானத்துல நடந்த அந்த மேட்ச்ல இங்கிலாந்தோட அப்டன் பார்க் கிளப் கிட்ட 4-0ன்னு தோத்தாங்க, மூணு நாள் கழிச்சு பெல்ஜியத்தை 6-2ன்னு அடிச்சாங்க.

இப்போ ஒரு சாதாரண ஆள் எப்படி இதுக்குள்ள வந்தான்? இதுக்கு ரெண்டு சட்டத்தைத் தெரிஞ்சுக்கணும், ஃபுட்பால் புத்தகத்துல இதெல்லாம் அவ்வளவா வராது ஆனா எனக்கு இது தான் ரொம்ப முக்கியமா படுது. ஒண்ணு 1901ல வந்த சங்கங்கள் சட்டம். நாலு பேர் சேர்ந்து அரசாங்கத்துக்கிட்ட அனுமதிக்காக காத்துக்கிடக்காம ஒரு சங்கம் ஆரம்பிக்கலாம்னு ஆச்சு, கிளப்புங்க பொலபொலன்னு முளைச்சுது. இன்னொண்ணு 1906 ஜூலையில வந்த வார விடுமுறை சட்டம். அதுக்கு முன்னாடி கடையில பட்டறையில வேலை பாக்கறவனுக்கு வாரத்துல ஒரு நாள் லீவுங்கறது முதலாளி மனசு வச்சா தான். ஞாயித்துக்கிழமை உன்னோடதுன்னு சட்டம் சொன்ன பிறகு தான் ஒரு தச்சனோ ஒரு கடைப் பையனோ "சரி, ஞாயித்துக்கிழமை மத்தியானம் மேட்சுக்கு வந்துடறேன்"னு வாக்கு குடுக்க முடிஞ்சுது. சனிக்கிழமையும் பொதுவா முழு வேலை நாள் தான், எட்டு மணி நேர வேலைச் சட்டம் 1919ல தான் வந்துச்சு. அப்போ பயிற்சி எப்போ எடுப்பான்? பெரும்பாலும் மேட்சே தான் பயிற்சி.

அந்த ஞாயித்துக்கிழமையை கொஞ்சம் கிட்டப் போய் பாக்கலாம். கிளப்புக்கு சொந்தமா கட்டடம் எல்லாம் அபூர்வம், பெரும்பாலும் ஏதோ ஒரு காஃபிக்கடை தான் கிளப்போட விலாசம், அங்க தான் மீட்டிங், அங்க தான் டீம் லிஸ்ட், மைதானத்துக்குப் பக்கத்துல இருந்தா அங்கயே ட்ரெஸ் மாத்திக்கறதும். வாங்கற சம்பளத்துல சந்தா கட்டித்தான் கிளப்ல இருக்கான், கிளப் அவனுக்கு குடுக்கறதில்ல, அவன் தான் கிளப்புக்கு குடுக்கறான், இதை மனசுல வச்சுக்கங்க. பூட்ஸ் அவனோட காசு. கணுக்காலுக்கு மேல வர்ற கெட்டித் தோல் பூட்ஸ், அடியில தோல் துண்டுகளை ஆணி வச்சு அடிச்சிருப்பாங்க, தேய தேய ஆணி மேல எட்டிப் பாக்கும். பந்தும் தோல், உள்ள ரப்பர் பை, வாய்ப்பகுதியை ஷூ லேஸ் மாதிரி கயிறு போட்டு இழுத்துக் கட்டியிருப்பாங்க. மழையில நனைஞ்சா தோல் தண்ணியை குடிச்சு கனத்துப் போயிரும். அந்த பந்தை தலையால முட்டும்போது லேஸ் பக்கம் நெத்தியில பட்டுச்சுன்னா தோல் கிழிஞ்சிரும். சப்ஸ்டிட்யூட் கிடையாது, ஒருத்தன் கால் உடைஞ்சு வெளிய போனா மீதி பத்து பேர் தான் கடைசி வரைக்கும். கால் உடைஞ்சவன் திங்கக்கிழமை வேலைக்குப் போக முடியாது, அந்த வாரக் கூலிக்கு யார்கிட்டயும் கை நீட்டவும் முடியாது, ஏன்னா நீட்டுனா அமெச்சூர் இல்ல.

நாட்டு டீமும் இந்த லட்சணத்துல தான் ஆரம்பிச்சுது. 1904 மே 1, அதுவும் ஞாயித்துக்கிழமை தான், பிரஸ்ஸல்ஸ்ல பெல்ஜியத்தோட முதல் சர்வதேச மேட்ச். சட்டை இன்னைக்கு இருக்கற நீலம் இல்ல, வெள்ளை, நெஞ்சுல ஒண்ணோட ஒண்ணு பின்னுன ரெண்டு வளையம். அது அந்த யு.எஸ்.எஃப்.எஸ்.ஏ சங்கத்தோட சின்னம், பின்னாடி குபெர்தன் ஒலிம்பிக்ஸுக்கு அஞ்சு வளையம் போட்டப்போ இந்த ரெண்டு வளையம் தான் அவர் மனசுல இருந்திருக்கும்னு சொல்லுவாங்க. மேட்ச் 3-3. பிரான்ஸோட வரலாற்றுலயே முதல் கோல் போட்டவர் லூயி மெனியே. அதுக்கு சரியா இருபது நாள் கழிச்சு பாரிஸ்ல, செந்த் ஓனோரே தெருவுல ஏழு நாட்டுக்காரங்க உக்காந்து ஃபிஃபாவை ஆரம்பிச்சாங்க, முதல் தலைவர் ரொபேர் கெரேன்ங்கற பிரெஞ்சு பத்திரிகைக்காரர்.

அப்புறம் அடி மேல அடி. 1906 நவம்பர் 1, பாரிஸ்ல சைக்கிள் டிராக் நடுவுல இருக்கற புல்லுல (பார்க் தெ பிரின்ஸ் அப்போ அப்படித்தான் இருந்துச்சு) இங்கிலாந்து அமெச்சூர் டீம் வந்து 15-0. 1908 லண்டன் ஒலிம்பிக்ஸ்ல டென்மார்க் 17-1. அதுல சோஃபஸ் நீல்சன்ங்கற ஒரே ஆள் பத்து கோல். பிரான்ஸ் அதுக்கப்புறம் மூணாவது இடத்துக்கான மேட்ச்சே ஆடாம ஊர் திரும்பிட்டாங்க. இதைப் பாத்து "அமெச்சூர்ங்க, அதான் தோத்தாங்க"ன்னு சொல்றது ரொம்ப சுலபம், ஆனா தப்பு. ஏன்னா இந்தப் பக்கம் அடிச்ச இங்கிலாந்து டீமும் அமெச்சூர், டென்மார்க்கும் அமெச்சூர்! அவங்க ஆளுங்களும் சம்பளம் வாங்கல. வித்தியாசம் வேற எடத்துல. இங்கிலாந்துல ஃபுட்பால் அசோசியேஷன் 1863லயே வந்துருச்சு, பிரான்ஸ் அதைப் பாத்து ஒரு தலைமுறை பின்னாடி கத்துக்க ஆரம்பிச்சுது. போதாக்குறைக்கு உள்ளுக்குள்ளயே சண்டை.

அந்த சண்டை என்னன்னா, பிரான்ஸ்ல ஒரு சங்கம் இல்ல, பல சங்கம். சர்ச்சோட இளைஞர் மன்றங்களுக்கு ஒரு சங்கம், 1908ல தொழிலாளர்களுக்குன்னு சோஷலிஸ்ட்டுங்க ஒரு சங்கம், இது இல்லாம யு.எஸ்.எஃப்.எஸ்.ஏ. ஒரு சங்கத்து ஆள் இன்னொரு சங்கத்து ஆளோட ஆடுறதே பிரச்சினை. 1907ல ஷார்ல் சிமோன்னு ஒருத்தர் மத்த சங்கங்களை எல்லாம் ஒரு கமிட்டியா சேத்தாரு. அடுத்த வருஷம் இங்கிலாந்து அமெச்சூர்ங்க சம்பந்தமான ஒரு தகராறுல யு.எஸ்.எஃப்.எஸ்.ஏ கோச்சுக்கிட்டு ஃபிஃபாவை விட்டு வெளிய போயிருச்சு, அந்த இடத்துல சிமோனோட கமிட்டி உக்காந்துச்சு. விளைவு? பெரிய கிளப்ல ஆடுன நல்ல ஆட்டக்காரங்க பாதிப் பேர், சங்கம் வெளிய இருக்கறதால நாட்டு டீம்லயே ஆட முடியாம போச்சு. கால்ல திறமை இருந்தும் நாட்டுச் சட்டை போட முடியல, காரணம் மேசைக்கு அந்தப் பக்கம் உக்காந்திருந்தவங்க.

இந்த எடத்துல தான் நம்ம மாயெஸ் வர்றாரு. அவர் ஆரம்பிச்சது ஒலியேன்னு ஒரு சர்ச் இளைஞர் மன்றத்துல. பிரான்ஸ்ல சர்ச்சையும் அரசாங்கத்தையும் 1905ல சட்டம் போட்டு பிரிச்ச காலம் அது, இளைஞர்களை தங்க பக்கம் வச்சுக்க பாதிரியார்ங்க மன்றம் மன்றமா நடத்துனாங்க, வழிபாடு முடிஞ்சா பின்பக்கத்து முற்றத்துல பந்து. காசில்லாத வீட்டுப் பையனுக்கு சந்தா கவலை அதிகம் இல்லாம பந்து கிடைச்ச எடம் அது தான். அங்க இருந்து 1910ல அவர் போன கிளப் ரெட் ஸ்டார்.

ரெட் ஸ்டாரை 1897ல ஆரம்பிச்சவர் ஜூல் ரிமே, அப்போ அவருக்கு வயசு 23. ஆமா, பின்னாடி உலகக் கோப்பையை கொண்டு வந்தவர், நாம ஜூல்ஸ் ரிமெட் கோப்பைன்னு படிச்சோமே, அதே ஆள் தான். மளிகைக்கடைக்காரர் மகன், சட்டம் படிச்சவர். பணக்காரன் ஏழைன்னு பாக்காம எல்லாரும் சேர்ந்து ஆடணும்ங்கறது அவரோட பிடிவாதம். 1910ல யு.எஸ்.எஃப்.எஸ்.ஏவோட மல்லுக்கட்டி பாத்துட்டு சலிச்சுப் போய் வேற சில கிளப்போட சேர்ந்து தனி லீக் ஆரம்பிச்சு, சிமோனோட கமிட்டிக்குள்ள போயிட்டாரு. அதனால ரெட் ஸ்டார் ஆளுங்களுக்கு நாட்டு டீம் கதவு தெறந்துச்சு. அடுத்த வருஷம் மாயெஸ் பிரான்ஸ் டீம்ல.

1912 மார்ச்ல தூரின் நகரத்துல இத்தாலியோட மேட்ச். பிரான்ஸ் 4-3ன்னு ஜெயிச்சுது, அதுல மூணு மாயெஸ் போட்டது. நாலு வருஷத்துக்கு முன்னாடி 17 கோல் வாங்குன நாடு அது! அடுத்த வருஷம் ஏப்ரல்ல, ரெட் ஸ்டாரோட சொந்த மைதானம் இருக்கற சாந்துவான்ல லக்ஸம்பர்க்கை 8-0ன்னு அடிச்சாங்க, அஞ்சு கோல் அவரோடது. அந்த வயசுல பிரெஞ்சுப் பசங்களுக்கு இன்னொரு இடைஞ்சல் இருந்துச்சு, ராணுவ சேவை. 1905 சட்டப்படி ரெண்டு வருஷம், 1913ல அதை மூணு வருஷமா ஆக்குனாங்க. ஆட்டம் உச்சத்துல இருக்கற இருபது இருபத்தொண்ணு வயசுல தான் பட்டாளத்துக்கு கூப்பிடுவாங்க, மேட்ச் ஆட மேலதிகாரி லீவு குடுக்கணும். அதாவது அமெச்சூர் ஆட்டக்காரனோட வாழ்க்கையில அவன் நேரம் எப்பவுமே இன்னொருத்தர் கையில தான், ஒண்ணு முதலாளி, இல்ல ராணுவம்.

அதே ரெட் ஸ்டார்ல அதே காலத்துல கோல்கீப்பரா இருந்தவர் பியேர் ஷேரிகெஸ். ஆள் உயரம் கம்மி, ஆனா கோல் கம்பத்துக்கு நடுவுலயே சிலை மாதிரி நிக்காம முன்னாடி ஓடி வந்து எதிராளி கால்லயே விழுந்து பந்தைப் பிடுங்குவாரு. அதுவரைக்கும் பிரான்ஸ்ல அப்படி யாரும் பெருசா பண்ணல, இன்னைக்கு கோல்கீப்பர் பண்ற பாதி வேலையை அங்க முதல்ல காட்டுனவர் அவர். (1912 வரைக்கும் கோல்கீப்பர் தன்னோட பாதி மைதானத்துல எங்க வேணா பந்தை கையால தொடலாம், அப்புறம் தான் பெனால்டி ஏரியாவுக்குள்ள மட்டும்னு விதியை மாத்துனாங்க.) 1913ல இங்கிலாந்துல இருந்து டாட்டன்ஹாம் கிளப் சம்பளத்துக்கு கூப்பிட்டுச்சு, அவர் போகல. ஏன் போகலங்கறதுக்கு ஒரு காரணம் ரொம்ப வருஷம் கழிச்சு அவரே சொன்னது: அமெச்சூர்னு பேர் இருந்த காலத்துலயே ரெட் ஸ்டார் அவருக்கு காசு குடுத்துட்டு இருந்துச்சு.

இதுக்கு பிரெஞ்சுல ஒரு பேரே இருக்கு, "அமெச்சூரிஸ்ம் மரோன்". மரோன்னா அவங்க பேச்சுல பழுப்பு நிறம், அதனால பழுப்பு அமெச்சூர்னு சில பேர் எழுதுவாங்க. ஆனா நெறம் இல்ல விஷயம். எஜமான்கிட்ட இருந்து தப்பிச்சு காட்டுக்குள்ள ஒளிஞ்ச அடிமைகளை அமெரிக்கத் தீவுகள்ல அந்த வார்த்தையால தான் கூப்பிட்டாங்க, அதுல இருந்து நகர்ந்து அனுமதி இல்லாம மறைமுகமா தொழில் பண்றவன்னு ஆச்சு. மரோன் வக்கீல், மரோன் டாக்டர்னு சொல்லுவாங்க. அது மாதிரி மரோன் அமெச்சூர்னா வெளிய அமெச்சூர், உள்ள கவர்ல காசு. கவர் மட்டும் இல்ல, ஒரு ஆட்டக்காரனுக்கு கிளப் ஆதரவாளர் ஒருத்தர் தன் கம்பெனியில வேலை போட்டுக் குடுப்பாரு, பேருக்கு வேலை. இல்லைன்னா ஒரு சின்ன காஃபிக்கடை வச்சுக் குடுப்பாங்க. கணக்குல எங்கயும் ஃபுட்பால்னு ஒரு வார்த்தை வராது.

இதை வெறும் ஏமாத்து வேலைன்னு நான் பாக்கல. ஆயிரக்கணக்கான பேர் டிக்கெட் வாங்கி வர்றாங்க, கிளப்புக்கு காசு சேருது, அந்தக் கூட்டத்தை வரவச்சது உள்ள ஓடுற பதினோரு பேர். அவங்களுக்கு மட்டும் ஒண்ணும் இல்லைன்னா எப்படி? விதி நேர்மையா இல்லைன்னா ஆளுங்க மறைச்சுத்தான் வாங்குவாங்க. எனக்கு வருத்தம் எல்லாம், பேர் பெற்ற ஆள் மறைவா வாங்கிக்கிட்டான், பேர் இல்லாத சாதாரண ஆட்டக்காரன் சந்தா கட்டியே ஆடி முடிச்சான்ங்கறது தான்.

1914 ஆகஸ்ட்ல போர். மாயெஸுக்கு 23 வயசு, இன்னும் பத்து வருஷம் ஆடியிருக்கலாம். பிரான்ஸ் டீம்ல ஆடுன பல பேர் திரும்பி வரவே இல்ல. சங்கங்களை ஒண்ணு சேத்த ஷார்ல் சிமோன் 1915 ஜூன்ல அர்ராஸ் பக்கத்துல செத்துப் போனாரு. அவர் நினைவா 1917ல ஆரம்பிச்சது தான் பிரெஞ்சு கோப்பை, இன்னைக்கும் நடக்குதே அது தான். அதோட பெரிய விசேஷம், எந்த சங்கத்து கிளப்பா இருந்தாலும் வரலாம்னு சொன்னது. உயிரோட இருந்தப்போ அவர் பாடுபட்டது அதுக்குத்தானே. முதல் ஃபைனல் 1918 மே மாசம், போர் நடந்துட்டு இருக்கும்போதே, ஒலிம்பிக் தெ பாந்தன் 3-0ன்னு லியோன் கிளப்பை ஜெயிச்சுது. 1919 ஏப்ரல்ல எல்லா சண்டையும் முடிஞ்சு ஒரே ஃபெடரேஷன், தலைவர் ரிமே.

மாயெஸ் போர்ல படுகாயம் பட்டு வந்தாரு. பிரான்ஸ் சட்டையை மறுபடி போடவே இல்ல. நார்மண்டியில கான் நகரத்துல தங்கிட்டு அங்க ஸ்டாட் மாலெர்ப் கிளப்புக்கு வருஷக்கணக்கா ஆடுனாரு. 1921 மே 5, நெப்போலியன் செத்து சரியா நூறு வருஷம் ஆன அன்னைக்கு, பிரான்ஸ் முதல் தடவையா இங்கிலாந்து அமெச்சூர் டீமை 2-1ன்னு தோக்கடிச்சுது. 15-0 வாங்குனதுக்கு பதினஞ்சு வருஷம் கூட ஆகல. அந்த ஏணியோட நடுப்படிக்கட்டு மாயெஸ் மாதிரி ஆளுங்க தான், மேல ஏறுன அன்னைக்கு அவர் டீம்ல இல்லைங்கறது எனக்கு எப்பவும் உறுத்தும்.

இருபதுகள்ல மரோன் விஷயம் ஊரறிஞ்ச ரகசியமா ஆயிருச்சு. எட்டு மணி நேர வேலைச் சட்டம் வந்ததால கூட்டமும் ஏறுச்சு, காசும் ஏறுச்சு. 1928ல பெஜோ கார் கம்பெனி குடும்பத்துக்காரர் சோஷோ கிளப்பை ஆரம்பிச்சு, நான் ஆட்டக்காரங்களை வெளிப்படையாவே சம்பளத்துக்கு எடுக்கறேன்னு நின்னாரு. அதுக்கு மேல மறைக்க எதுவும் இல்ல. ஃபெடரேஷன் 1930ல ஒத்துக்க ஆரம்பிச்சு, 1932 செப்டம்பர்ல 20 கிளப்போட முதல் ப்ரொஃபஷனல் சாம்பியன்ஷிப் தொடங்குச்சு, ஒலிம்பிக் லில்வா ஜெயிச்சுது. அன்னைல இருந்து பிரான்ஸ்ல ஒரு பையன் "எனக்கு ஃபுட்பால் தான் வேலை"ன்னு அப்பாகிட்ட தைரியமா சொல்ல முடிஞ்சுது. மாயெஸுக்கு அப்போ 42 வயசு நெருங்கிட்டு இருந்துச்சு.

அவர் கான்ல நீச்சல் சொல்லிக் குடுத்து வாழ்ந்தாரு. பழைய யு.எஸ்.எஃப்.எஸ்.ஏ விதிப்படி பாத்தா, சம்பளத்துக்கு உடற்பயிற்சி சொல்லிக் குடுக்கற அந்த வேலையே அவரை அமெச்சூர் இல்லாம ஆக்கியிருக்கும். ரெண்டாவது உலகப் போர்ல ஜெர்மன்காரங்க ஊரைப் பிடிச்சு வச்சிருந்தாங்க. அவங்களுக்கு எதிரா பேசுனாருன்னு யாரோ காட்டிக் குடுத்து 1943ல ஜெர்மன் ரகசிய போலீஸான கெஸ்டாப்போ பிடிச்சிட்டுப் போச்சு. முதல்ல ஜெர்மனியில புஹென்வால்ட்ங்கற நாஜி வதை முகாம், அப்புறம் டோரா. டோரான்னா மலையைக் குடைஞ்ச சுரங்கத்துக்குள்ள கைதிகளை வச்சு வி-2 ராக்கெட் செய்ய வச்ச எடம், உள்ள போனவங்கள்ல ஆயிரக்கணக்கான பேர் பசியிலயும் நோயிலயும் அடியிலயும் செத்தாங்க. 1945 மார்ச் 30, 54 வயசுல மாயெஸ் அங்க இறந்து போனாரு. அமெரிக்கப் படை டோராவுக்குள்ள வந்தது ஏப்ரல் 11. பன்னெண்டு நாள்.

கான் நகரத்துல இன்னைக்கு அவர் பேர்ல ஒரு நீச்சல் குளம் இருக்கு. அந்த ஊர்ப் பசங்க நீச்சல் கத்துக்க அங்க தான் போறாங்க.